வயிற்றுவலியும் வசைச்சொல்லும்

மனிதனுக்கு வரும் வலிகளுள் வயிற்றுவலிக்கு ஒரு தனிக் குறை உண்டு. அதனைப் பிறர் காண முடியாது. கை முறிந்தால் கண்ணுக்குத் தெரிகின்றது. காய்ச்சல் கண்டால் தொட்டவர் அறிகின்றனர். கண் சிவந்தால் எதிரே நிற்பவரும் ஓரடி விலகுகின்றனர். வயிற்றுக்குள் நேர்வதோ, அதனை அனுபவிப்பவன் வாயால் சொன்னாலன்றி வெளிப்படுவதில்லை. ஆகவே, ஒருவன் தனக்கு வயிற்றுவலி என்று சொல்லும்போது, கேட்பவன் நம்பி விசாரிக்க வேண்டும். அன்றேல் நம்பாது தள்ளிவிட வேண்டும். விசாரணைக்கும் அவநம்பிக்கைக்கும் இடையே நடந்துவரும் நெடும் போராட்டமே வயிற்றுவலியின் சரித்திரம் என்று நாம் கருதுகின்றோம். அச்சரித்திரத்தில், பினாங்குத் துறையில் வந்திறங்கித் தோட்டங்களுக்குச் சென்ற நம் முன்னோர்க்குப் பெரும் பங்கு உண்டு. அதனை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

புராணமும் வைத்தியமும்

தமிழ் நாட்டில் வயிற்றுவலியால் பெயர்பெற்ற முதல் நோயாளி யாரெனின், திருநாவுக்கரசர் என்றே எவரும் கூறுவர். 7ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அவர், சமண சமயத்தைத் தழுவித் தருமசேனர் என்னும் பெயருடன் தலைமை பெற்றிருந்த காலத்தில் கொடிய சூலைநோய் அவரைப் பற்றியதென்று, 12ஆம் நூற்றாண்டில் பெரியபுராணம் இயற்றிய சேக்கிழார் கூறுகின்றார். சமண முனிவர்கள் மந்திரித்த நீரைக் குடிப்பித்தனர், மயிற்பீலியால் தடவினர், வலி தணியவில்லை. பின்னர் அவர் திருவதிகையிலிருந்த தமக்கை திலகவதியாரை அடைந்து, திருநீறு பெற்று, பதிகம் பாடி நலமடைந்தார் என்பது புராணம்.

இக்கதையை நம்புவோரோடு நாம் வழக்காட வரவில்லை. அதில் நாம் காண்பது வேறொன்று. இரு சமயத்தாரும் நோயை அனுப்பியவர் யார், நீக்க வல்லவர் யார் என்பதிலேயே கருத்தைச் செலுத்தினர். வயிற்றின் எப்பகுதியில் வலி, எப்போது தொடங்கியது, உணவுக்கு முன்னா பின்னா என்னும் வினாக்களுக்குக் கதையில் இடமில்லை. அக்காலத்தில் உலகெங்கும் நிலைமை அதுவே; அதற்காக எவரையும் நாம் குறைகூறோம். 1,300 ஆண்டுகள் கழிந்த பின்னும் ‘எது காரணம்?’ என்று கேளாமல் ‘யார் செய்தது?’ என்றே கேட்டுக்கொண்டிருப்பதுதான் குறை.

தமிழ் வைத்தியர்கள் இவ்விஷயத்தில் வாளா இருந்தவர்களல்லர். சித்த வைத்திய நூல்கள் வயிற்று நோயைக் குன்மம் என்று பெயரிட்டு எட்டு வகையாகப் பிரித்தன. எரிச்சல் மிகுந்தது வேறு, வாந்தியோடு கூடியது வேறு என்று அவர்கள் பகுத்தது, நோயாளியின் சொல்லைக் காதுகொடுத்துக் கேட்டதன் பயனேயாகும். திருக்குறளின் 95ஆம் அதிகாரமாகிய ‘மருந்து’, நோயை ஆராய்ந்தறிந்து, அது பிறந்த மூலத்தையும் தணிக்கும் வழியையும் தேர்ந்து, அதன்பின் செயற்படுமாறு வைத்தியனுக்குக் கட்டளையிடுகின்றது. உண்ட உணவு செரித்ததை அறிந்து உண்பானுக்கு மருந்தே வேண்டுவதில்லை என்றும் அவ்வதிகாரம் உரைக்கின்றது. நோய்க்கு மூலம் உண்டு, அம்மூலத்தை அறிவினால் தேடலாம் என்னும் கொள்கை நமக்குப் புதிதன்று; அந்நிய நாட்டுச் சரக்குமன்று.

ஆனால், நூலில் இருந்தது வீட்டில் இல்லை. வயிற்றுவலி நீடித்தால், பகைவர் எவரோ சோற்றில் ‘இடுமருந்து’ வைத்துவிட்டனர் என்னும் ஐயம் நம் ஜனங்களிடையே இன்றும் எழுகின்றது. அம்மருந்தை எடுப்பதற்கென்றே சிலர் உளர். அவர்கள் நோயாளியின் வயிற்றில் வாய்வைத்து உறிஞ்சியோ, குழல்வைத்து ஊதியோ, கறுப்பாக ஒரு துண்டை எடுத்துக் காட்டுவர், கூலியும் பெறுவர். நோயாளி மருமகளைச் சந்தேகிப்பான். பக்கத்து வீட்டாரைப் பகைப்பான். வலியோ போன வழியில் திரும்பிவரும். ஒரு பொய்க் காரணம் உண்மைக் காரணத்தை மறைப்பதோடு நில்லாமல், ஒரு குற்றமற்றவர் மீது பழியையும் சுமத்திவிடுகின்றது.

இருப்பிடம் எது?

‘யார் செய்தது?’ என்னும் வினாவை விட்டு, ‘எவ்விடத்தில் நேர்ந்தது?’ என்னும் வினாவுக்கு வைத்திய உலகைத் திருப்பியவர்களுள் தலையானவர் இத்தாலி நாட்டுப் பதுவா நகரத்து ஆசிரியர் மோர்காஞ்ஞி. அவர் 1761இல், தம் 79ஆம் வயதில், நோய்களின் இருப்பிடங்களையும் காரணங்களையும் பற்றிய பெருநூலை வெளியிட்டார். ஏறக்குறைய 700 நோயாளிகள் உயிரோடிருந்தபோது சொன்ன குறைகளையும், இறந்தபின் உடலை அறுத்துக் கண்ட மாறுதல்களையும் அதில் அவர் பக்கம் பக்கமாக வைத்துக் காட்டினார். உயிரோடிருந்தவன் சொன்ன வலியும் இறந்தபின் கண்ட புண்ணும் ஓரிடத்தில் பொருந்துவதை உலகம் கண்டது. வலி கற்பனையன்று, அதற்கு ஓர் இடம் உண்டு என்பது உறுதியாயிற்று.

இதன் பயன் ஒரு நூற்றாண்டு கழித்து முழுமையாக விளங்கியது. வலப்புற அடிவயிற்றில் தோன்றிப் பலரைக் கொன்றுவந்த வலிக்கு, பெருங்குடலின் தொடக்கத்தில் தொங்கும் சிறு வால் அழற்சியுறுவதே காரணம் என்று அமெரிக்க நாட்டுப் பாஸ்டன் நகர வைத்தியர் ரெஜினால்ட் பிட்ஸ் 1886இல் எடுத்துக்காட்டினார். குடல்வால் அழற்சி என்று நாம் வழங்குவது அதனையே. 1889இல் நியூயார்க்கு சத்திர வைத்தியர் மக்பர்னி, அந்நோயில் விரலால் அழுத்தினால் மிகவும் நோகும் புள்ளியைக் குறித்தார். அது முதல் ஒரு விரல்நுனி பல உயிர்களைக் காத்துவருகின்றது.

1902ஆம் ஆண்டு ஜூன் 26ஆம் நாள் இங்கிலாந்தில் ஏழாம் எட்வர்டு மன்னர்க்கு முடிசூட்டு விழா நடக்கவிருந்தது. மன்னர்க்கோ வயிற்றுவலி. விழாவுக்கு இரண்டு நாள் முன்பு, ஜூன் 24ஆம் நாள், சத்திர வைத்தியர் பிரெடரிக் டிரீவ்ஸ் அரண்மனையிலேயே வயிற்றைக் கீறிக் குடல்வாலருகே திரண்டிருந்த சீழை வடித்தார். முடிசூட்டு விழா ஆகஸ்டு 9ஆம் நாளுக்குத் தள்ளிப்போயிற்று. அம்மன்னரின் ஆட்சிக்கு அக்காலத்தில் பினாங்கும் உட்பட்டிருந்தது. ஆங்கிலப் பாடசாலையிற் படித்த நம்மில் பலர் முடிசூட்டு விழாக்களை மனப்பாடம் செய்திருக்கின்றோம். ஒரு வயிற்றுவலி ஒரு பேரரசை ஆறு வாரங்கள் காத்திருக்கச் செய்ததை அறிந்தவர் சிலரே.

1921இல் லண்டன் சத்திர வைத்தியர் சக்காரி கோப், திடீரென வரும் வயிற்று நோய்களை ஆரம்பத்திலேயே அறிவது எப்படி என்பது குறித்து ஒரு நூல் எழுதினார். முன்பு நலமாயிருந்த ஒருவர்க்குக் கடும் வயிற்றுவலி வந்து 6 மணி நேரத்துக்கு மேல் நீடித்தால், அது பெரும்பாலும் சத்திர வைத்தியரின் கைக்கு வரவேண்டிய நோயாகவே இருக்கும் என்பது அவர் கண்ட விதி. வலி எங்கே தொடங்கியது, எங்கே நகர்ந்தது, விட்டுவிட்டு வருகின்றதா, ஓயாது நோகின்றதா, வாந்தி முந்தியதா வலி முந்தியதா என்று வரிசையாய்க் கேட்க வேண்டும் என்று அவர் வற்புறுத்தினார். மேல்வயிற்றின் நடுவே எரிவது இரைப்பைப் புண்ணாக இருக்கலாம். வலப்புற விலாவடியில் தோன்றித் தோளுக்கு ஏறுவது பித்தக்கல்லாகலாம். முதுகைத் துளைத்துச் செல்வது கணையத்தின் வலியாகலாம். இடுப்பிலிருந்து அடித்தொடைக்கு இறங்குவது சிறுநீர்க் கல்லாகலாம். நெஞ்சிலுள்ள இருதயமே தன் நோயை மேல்வயிற்று வலியாகக் காட்டுவதும் உண்டு. எக்ஸ்ரே 1895இலும், ஒலியலைப் படம் 1958இலும், உடலைக் குறுக்கே அடுக்கடுக்காகக் காட்டும் ‘ஸ்கான்’ 1971இலும் வந்தன. எந்திரம் எத்தனை வந்தாலும், எவ்விடத்தைப் படமெடுக்க வேண்டும் என்பதை முதலில் சொல்வது நோயாளியின் வாய்ச்சொல்லே.

மன்னர்க்கு இவ்வாறு விசாரணை கிடைத்தது. அதே ஆட்சியின்கீழ்ப் பால்மரம் வெட்டியவனுக்கு என்ன கிடைத்தது என்பதை இனிக் காண்போம்.

பினாங்குத் துறையும் பால்மரக்காடும்

நாகப்பட்டினத்திலிருந்தும் சென்னையிலிருந்தும் புறப்பட்ட கப்பல்கள் மலாயாவில் முதலிற் கண்ட பெருந்துறை பினாங்கு. 19ஆம் நூற்றாண்டில் எதிர்க்கரையிலுள்ள செபராங் பிறையின் கரும்புத் தோட்டங்களுக்கும், பின்னர் உள்நாட்டு ரப்பர்த் தோட்டங்களுக்கும் தமிழ்த் தொழிலாளர் இவ்வழியே சென்றனர். ஒப்பந்தக் கூலி முறை 1910இல் ஒழிந்தது; கங்காணி வழியாக ஆளெடுப்பது தொடர்ந்தது; உதவிபெற்றுத் தொழிலாளர் குடியேறுவதை இந்திய அரசாங்கம் 1938இல் தடைசெய்தது. இந்நெடுங்காலத்தில் வந்தவர்களுள் பலர், பினாங்கை அடுத்த ஜெரஜாத் தீவில் நோய்க்காவலில் தங்கவைக்கப்பட்டனர்.

அக்காவலில் தேடியது யாதெனின், வைசூரியும் வாந்திபேதியுமாகும். அவை விரைந்து கொல்பவை; துறைமுகத்தையும் வியாபாரத்தையும் முடக்குபவை; துரைமார் வீட்டுக்குள்ளும் நுழைபவை. மெல்ல மெல்லக் கொல்லும் ஒரு நோய், எவரும் தடுக்காமல், தொழிலாளியின் வயிற்றுக்குள்ளேயே இருந்து தோட்டத்துக்குச் சென்றது. அதுவே கொக்கிப்புழு நோய்.

அப்புழுவின் வாழ்க்கையை அறிந்தால் தோட்டத்தின் வாழ்க்கையும் விளங்கும். நோயுற்றவன் மலத்தோடு வெளிவரும் முட்டைகள் ஈரமும் வெப்பமும் நிழலும் உள்ள மண்ணில் ஓரிரு நாளில் பொரிக்கின்றன. 5 முதல் 10 நாட்களுக்குள் அவை மனிதத் தோலைத் துளைக்கும் பருவம் அடைகின்றன. வெறுங்காலோடு மிதிப்பவனின் பாதத்தில் நுழைந்து, இரத்தத்தோடு நுரையீரலுக்குச் சென்று, தொண்டைக்கு ஏறி, விழுங்கப்பட்டுச் சிறுகுடலை அடைகின்றன. அங்கே குடற்சுவரைக் கவ்விக்கொண்டு இரத்தம் உறிஞ்சுகின்றன. ரப்பர் மரத்து நிழலும், மலாயாவின் மழையும், மலக்கூடமற்ற லயமும், செருப்பற்ற காலும் ஒன்றுகூடிய இடத்தில் இப்புழுவுக்கு வேறென்ன வேண்டும்?

ஒரு புழு நாளொன்றுக்கு உறிஞ்சுவது ஒரு துளிக்கும் குறைவே. ஆயினும், நம் நாடுகளில் மிகுதியாயுள்ள வகையில் 100 புழு இருந்தால் நாளொன்றுக்குச் சுமார் 3 மில்லிலிட்டர் இரத்தம் போகும். மாதத்தில் 90 மில்லிலிட்டர். சோறும் கருவாட்டுக் குழம்பும் உண்டு வாழ்பவன் இவ்விழப்பை எவ்வாறு ஈடுசெய்வான்? முதலில் பாதத்தில் அரிப்பு. பின்பு மேல்வயிற்றில் வலி. பிறகு சோகை, மூச்சிரைப்பு, கால்வீக்கம். சிலர்க்கு மண் தின்னும் ஆசையும் பிறக்கும். இரண்டு மரம் வெட்டியவுடன் மூன்றாவது மரத்தடியில் உட்கார்ந்துவிடுவான்.

உட்கார்ந்தவனைப் பார்த்துத் துரை என்ன சொன்னார்? சோம்பேறி என்றார். கங்காணி என்ன சொன்னான்? வேலைக்கள்ளன் என்றான். லயத்துக் கிழவி என்ன சொன்னாள்? எவளோ மருந்து வைத்துவிட்டாள் என்றாள். மூவரும் மூன்று காரணம் கண்டனர், மூன்றும் பொய். ஆசிய மக்களைச் சோம்பேறிகள் என்று வருணித்த குடியேற்ற ஆட்சியாளரின் பேச்சை, மலாய், ஜாவா, பிலிப்பீன் மக்களின் வரலாற்றைக் கொண்டு சையது உசேன் அலத்தாஸ் 1977இல் வெளியிட்ட நூலில் ஆராய்ந்து தகர்த்தார். அப்பேச்சின் ஒரு கிளை நம் லயங்களிலும் படர்ந்திருந்தது என்பதை நாம் மறத்தலாகாது.

புழுவைக் கண்டவர்கள்

இத்தாலியின் மிலான் நகர வைத்தியர் டுபினி, இறந்த ஒரு குடியானவப் பெண்ணின் குடலில் இப்புழுவை 1838இல் கண்டார். 1843இல் அதனை விவரித்து எழுதினார். ஆல்ப்ஸ் மலையைத் துளைத்து 1882இல் திறக்கப்பட்ட கோத்தார்டு சுரங்கத்தில் உழைத்தவர்களிடையே சோகை பரவியபோது, அதற்கு இப்புழுவே காரணம் என்பதைப் பெரொன்சித்தோ என்னும் இத்தாலிய ஆசிரியர் 1880இல் எடுத்துக்காட்டினார். நிறம் வெளுத்து மூச்சுவாங்கிய அச்சுரங்கத் தொழிலாளர் ஐரோப்பியரே. ஆகவே, இந்நோய் கறுப்பர்க்கும் சோம்பேறிகட்கும் உரியதென்னும் பேச்சுக்கு அன்றே இடமில்லாமற் போயிற்று.

புழு உடலுக்குள் எவ்வழி நுழைகின்றது என்பதை 1898இல் கெய்ரோ நகரில் லூஸ் என்னும் ஜெர்மானியர் அறிந்தார். புழுக்குஞ்சுகள் இருந்த நீர் தற்செயலாய் அவர் கையில் சிந்தியது, தோல் அரித்தது, சில வாரங்களில் அவர் மலத்திலேயே முட்டைகள் காணப்பட்டன. 1899இல் போர்ட்டோ ரிக்கோ தீவில் பெய்லி ஆஷ்போர்டு என்னும் இராணுவ வைத்தியர், பட்டினியால் வெளுத்தவர் என்று கருதப்பட்ட குடியானவரின் மலத்தைப் பூதக்கண்ணாடியில் வைத்துப் பார்த்தார். கண்டது கொக்கிப்புழு முட்டை. 1902இல் அமெரிக்கத் தென்பகுதியில் அங்குள்ள புழுவினத்தைச் சார்லஸ் ஸ்டைல்ஸ் விவரித்தபோது, பத்திரிகைகள் அதற்குச் ‘சோம்பல் கிருமி’ என்று பெயர் வைத்தன. கேலியாகவே வைத்தாலும், அப்பெயரில் ஒரு நீதி இருந்தது. சோம்பல் என்று ஏசப்பட்டது மனிதனின் குணமன்று, புழுவின் வேலை என்பதை அது ஒப்புக்கொண்டது.

அதே வினாவோடு நம் மலாயாவுக்கு வந்தவர்கள் டார்லிங், பார்பர், ஹாக்கர் என்னும் மூவர். ராக்பெல்லர் நிதியத்தின் சார்பில் 1915 முதல் 1917 வரை அவர்கள் மலாயா, ஜாவா, பிஜி ஆகிய இடங்களில் கொக்கிப்புழுவையும் மலேரியாவையும் ஆராய்ந்து, 1920இல் அறிக்கை வெளியிட்டனர். எத்தனை பேருக்குப் புழு உண்டு என்று எண்ணுவதோடு அவர்கள் நிற்கவில்லை. மருந்து கொடுத்து, வெளிவந்த புழுக்களை ஒவ்வொன்றாக எண்ணினர். புழு இருப்பது வேறு, புழுவால் நலிவது வேறு. பத்துப் புழு உள்ளவனும் ஐந்நூறு புழு உள்ளவனும் ஒரே பட்டியலில் நின்றால் உண்மை வெளிப்படாது. இலங்கையிலும் 1916இல் மாத்தளைப் பகுதித் தோட்டங்களில் தமிழ்த் தொழிலாளரிடையே இத்தகைய வேலை தொடங்கிற்று.

முதலாளிகள் இதனை வரவேற்றதற்குக் காரணம் இரக்கம் மட்டுமன்று; நலமான கூலியாள் மிகுதியாகப் பால் எடுப்பான் என்னும் கணக்கும் உண்டு. இருப்பினும், உண்மை எவர் பணத்தால் வெளிவந்தாலும் உண்மையே. தொழிலாளியின் மீதிருந்த வசையை, அவன் கூறிய எந்த மறுமொழியும் நீக்கவில்லை. அவன் மலத்தை எவரோ ஒருவர் அருவருப்பின்றி ஆராய்ந்ததே நீக்கிற்று.

பினாங்கு மண்ணில் பிறந்த ஒருவரும் இவ்வரிசையில் உண்டு. 1879இல் இங்கே பிறந்து, பினாங்கு பிரீ ஸ்கூலில் கற்று, கேம்பிரிட்ஜ் சென்று பட்டம்பெற்ற டாக்டர் வூ லியன் தே, 1903இல் கோலாலம்பூர் மருத்துவ ஆராய்ச்சி நிலையத்தில் பெரிபெரி நோயையும் உருளைப்புழுவையும் ஆராய்ந்தார். நாக்குப்பூச்சி என்று நம் தாய்மார் அறிந்த அப்புழு, திரண்டால் குழந்தையின் குடலையே அடைத்துவிடும். பித்தக்குழாயில் நுழைந்து துடிக்கவும் வைக்கும். ஐரோப்பியர்க்கே மேற்பதவி என்னும் விதி இருந்த காலத்தில் அவருக்கு அங்கே நிலையான இடமில்லை. 1904இன் இறுதியில் பினாங்குச் சூலியா தெருவில் தம் வைத்தியசாலையைத் திறந்தார். பின்னர் மஞ்சூரியாவில் 1910–11இல் பரவிய கொள்ளைநோயை அடக்கி உலகப் புகழ் பெற்றவர் அவரே. நிறத்தைக் கண்டு ஆளை அளந்த ஆட்சி, தன் கையிலிருந்த வைத்தியரையே அளக்கத் தவறியது. தொழிலாளியின் வலியை அளக்கத் தவறியதில் வியப்பென்ன?

மருந்தும் மலக்கூடமும்

புழு தெரிந்தது, மருந்தும் வந்தது. முதலில் தைமால், பிறகு கீனோபோடியம் எண்ணெய், 1921க்குப் பின் கார்பன் டெட்ராகுளோரைடு. இவற்றுள் சில புழுவோடு மனிதனையும் வருத்தின. கடைசியாகச் சொன்னது ஈரலைக் கெடுக்கும் நஞ்சு. இன்று 400 மில்லிகிராம் ஆல்பெண்டசோல் மாத்திரை ஒன்று அவ்வேலையை எளிதிற் செய்கின்றது. இந்தியாவில் 2015 முதல் குழந்தைகட்குப் பூச்சிமருந்து கொடுப்பதற்கென்றே தேசிய நாள் நடைபெறுகின்றது.

ஆயினும், மருந்து உண்டவன் மறுநாளும் அதே மண்ணை வெறுங்காலால் மிதித்தால், புழு மீண்டும் நுழையும். நீக்க வேண்டியது குடலிலுள்ள புழுவை மட்டுமன்று. லயத்தின் பின்புறத்து அழுக்கு மண்ணையுமாகும். மலக்கூடம் கட்டுவதற்குப் பணம் வேண்டும். செருப்பு வாங்குவதற்குக் கூலி வேண்டும். இவ்விரண்டையும் கொடாமல் மாத்திரையை மட்டும் கொடுப்பது, ஓட்டைக் குடத்தில் நீர் மொண்டு ஊற்றுவதையொக்கும். இன்றும் உலகில் சுமார் 150 கோடி மக்கள் மண்வழிப் புழுக்களைத் தாங்கியிருப்பதாக உலகச் சுகாதார நிறுவனம் கூறுகின்றது. மலேசியாவிலும் ஒராங் அஸ்லி மக்களின் குடியிருப்புகளில் இப்புழுக்கள் இன்னும் மறையவில்லை. புழுவுக்கு இனம் தெரியாது, ஏழ்மை தெரியும்.

மிளகாயும் கவலையும்

புழு ஒன்றே வயிற்றுவலிக்குக் காரணம் என்று நாம் சொல்ல வரவில்லை. அவ்வாறு சொன்னால் நாமும் ஒரு புதுப் பூசாரியாகிவிடுவோம். குடற்புண்ணின் வரலாறு இதற்குச் சான்று. பல ஆண்டுகளாகப் படித்த வைத்தியர்களே, குடற்புண் கவலையால் வருவது, காரத்தால் வருவது என்று போதித்தனர். ‘கோபத்தை விடு, மிளகாயை விடு’ என்பதே மருந்து. வந்த நோய் நோயாளியின் குணத்தால் வந்தது என்பதே இதன் பொருள்.

1982இல் ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் ராபின் வாரனும் பாரி மார்ஷலும், இரைப்பையில் வாழும் ஒரு கிருமியை வளர்த்துக் காட்டினர். நம்புவார் இல்லாமையால் 1984இல் மார்ஷல் அக்கிருமியைத் தாமே குடித்தார். இரைப்பை அழற்சி கண்டது. 2005இல் இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது. மலேசியாவில் நடந்த ஆராய்ச்சிகள், இக்கிருமி மலாய் மக்களிடையே குறைவாகவும், சீனர், இந்தியர் ஆகியோரிடையே மிகுதியாகவும் இருப்பதைக் காட்டின. சம்பலை விரும்பி உண்ணும் மலாய்த் தோழரின் இரைப்பையில் கிருமி குறைவென்றால், குற்றம் மிளகாய்மீது இல்லையென்பது வெளிப்படை. மூச்சைச் சோதித்தே இக்கிருமியை இன்று கண்டறிகின்றனர். ஓரிரு வார மருந்தில் பெரும்பாலும் ஒழிக்கின்றனர்.

முதுகுவலிக்கும் மூட்டுவலிக்கும் கடையில் வாங்கி விழுங்கும் வலிமாத்திரைகள் பலவும் இரைப்பையைப் புண்ணாக்குகின்றன. ஒருகாலத்தில் தோட்டத்தருகே நடந்த கள்ளுக்கடையும், அதன் பின் வந்த மலிவுச் சம்சுவும் ஈரலையும் கணையத்தையும் கெடுத்த கதை நம் குடும்பங்கள் அறிந்ததே. கட்டுக்கடங்காத நீரிழிவும் சில சமயம் வயிற்றுவலியாகவே முதலில் தலைகாட்டும். காரணங்கள் பல. ஆகவேதான் ஒரே மருந்தை எல்லார்க்கும் நீட்டுவது பிழை. வலி கண்டவுடன் விளக்கெண்ணெய் கொடுப்பது நம் வீடுகளில் பழைய வழக்கம். குடல்வால் அழற்சியில் பேதிமருந்து குடல்வாலை வெடிக்கச் செய்யக்கூடும்.

பெண்டிர் வலி

அவநம்பிக்கையின் பாரத்தை ஆண்களைவிடப் பெண்கள் மிகுதியாகச் சுமந்தனர். பால்மரம் வெட்டியதில் பாதிக் கை பெண்கையாகும். அவர்கள் அடிவயிறு நோகின்றது என்றால், ‘பெண்ணுக்கு எப்போதும் உள்ளதுதானே’ என்று ஒரு சொல்லில் முடித்துவிடுவது துரையின் வழக்கம் மட்டுமன்று. கணவனின் வழக்கமும் மாமியாரின் வழக்கமும் அதுவே. கரு, கருப்பைக்கு வெளியே குழாயில் தங்கி வளர்ந்து, குழாய் வெடித்து உள்ளேயே இரத்தம் பெருகும் நோய் ஒன்றுண்டு. 1883இல் இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரில் லாசன் டெய்ட் அக்குழாயை வெற்றியுடன் நீக்கி ஒரு பெண்ணைப் பிழைக்க வைத்தார். அது முதல் இந்நோய் தீர்க்கத்தக்கதாயிற்று. ஆனால், தீர்க்க வேண்டுமாயின், நாள் தள்ளிய பெண் திடீரென அடிவயிற்றைப் பிடித்துக்கொண்டு மயங்கும்போது, அருகிலுள்ளவர் அதனை வெட்கப்பட்டு மறைக்காமல் அந்நேரமே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுசெல்ல வேண்டும். ஒரு குடும்பத்தின் கூச்சம் ஓர் உயிரின் விலையாகலாகாது.

கணக்குப் புத்தகத்தில் ஒரு சொல்

நாம் தோட்டத்தில் கணக்கெழுதிப் பிழைப்பவர்கள். வேலைக்கு வந்தவர், வராதவர் என்று கட்டம் போட்டு எழுதுவது நமது தொழில். வராதவர்க்கு எதிரே எழுதும் சொல் சிறியது. ஆனால் அச்சொல்லில் ஒருவனின் கூலியும் மானமும் அடங்கியிருக்கின்றன. ரப்பர் இருந்த இடத்தில் இன்று செம்பனை நிற்கின்றது. தமிழர் இருந்த லயங்களில் இந்தோனேசியரும் வங்காள தேசத்தாரும் இருக்கின்றனர். வசைச்சொல் மட்டும் இடம்பெயரவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு தோட்டத்தில் வங்காள தேசத்து இளைஞன் ஒருவன், காலையில் தொப்புளைச் சுற்றி வலிக்கின்றது என்றான். ஞாயிறு விடுமுறைக்கு மறுநாள் வரும் நோய் இது என்று மண்டோர் சிரித்தார். அந்த மண்டோர் தமிழர். அவர் பாட்டனார் கேட்ட ஏச்சையே அவரும் ஏசினார். மாலையில் வலி வலப்புற அடிவயிற்றுக்கு இறங்கியது. மறுநாள் காய்ச்சலோடு இளைஞனைத் தூக்கிச் சென்றனர்; குடல்வால் வெடித்திருந்தது. பல வாரம் படுக்கையிலிருந்து அவன் பிழைத்தான். தொப்புளில் தொடங்கி வலப்புறம் இறங்கும் வலி, நூறாண்டுக்கு மேலாக வைத்திய நூல்களில் எழுதியிருக்கும் அடையாளம். அவன் தன் நோயின் பெயரைத் தவிர மற்றெல்லாவற்றையும் சொல்லிவிட்டான். கேட்பதற்குத்தான் ஆளில்லை.

நாம் அனைவரும் வைத்தியராக வேண்டுவதில்லை. சில அடையாளங்களை அறிந்திருந்தால் போதும். கடும் வலி மணிக்கணக்கில் நீடித்தாலும், வயிறு பலகைபோல் விறைத்தாலும், இரத்த வாந்தியோ தார்போன்ற கரிய மலமோ கண்டாலும், மலமும் வாயுவும் பிரியாமல் வயிறு உப்பினாலும், வலியோடு காய்ச்சலோ மயக்கமோ வந்தாலும், கருவுற்றவளுக்கு வலி தோன்றினாலும், மேல்வயிற்று வலியோடு வியர்த்து மூச்சு முட்டினாலும் தாமதம் கூடாது. மந்திரமும் வேண்டாம், பேதிமருந்தும் வேண்டாம், ஆஸ்பத்திரி வேண்டும். இவை இல்லாது நெடுநாள் நீடிக்கும் வலிக்கும், மலச் சோதனையும் இரத்தச் சோதனையும் மூச்சுச் சோதனையும் உண்டு. இடம் எது, காலம் எது, காரணம் எது என்னும் மூன்று வினாக்களுக்கும் விடை தேடாமல் எவர்மீதும் பழி போடுதல் ஆகாது.

வயிற்றுவலி என்று ஒருவன் சொல்வது ஒரு சாட்சியம். சாட்சியத்தை விசாரியாமல் தீர்ப்புச் சொல்வது நீதியன்று என்று நாம் எல்லாரும் ஒப்புக்கொள்கின்றோம். நீதிமன்றத்தில் வேண்டும் அந்நீதியைப் பிரட்டுக் களத்திலும், லயத்து வாசலிலும், அடுக்களையிலும் நாம் வழங்குகின்றோமா என்பதே கேள்வி. நம் முன்னோரைச் சோம்பேறி என்றவர்கள் அன்று விசாரிக்கவில்லை. இன்று விசாரிக்கும் இடத்தில் இருப்பவர் நம்மிற் பலர். வாசகர்கள் சிந்திப்பார்களாக!